பாறை கடந்த பிறகு பதில்

கொடிமலையில் காலை நடை போகிறவர்களிடம் ஒரு வழக்கம் இருக்கிறது. எதிரில் வருபவர் யாராக இருந்தாலும் வணக்கம் சொல்லியாக வேண்டும். கீழே ஒரே அடுக்குமாடியில் பல வருடம் குடியிருந்தும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காதவர்கள்கூட, மலையில் கால் வைத்ததும் "மார்னிங்!" என்பார்கள், மலாயில் "செலாமாட் பாகி!" என்பார்கள். மூச்சு வாங்கினாலும் சொல்வார்கள். பதில் சொல்லாமல் போகிறவரைப் பற்றி, அவர் அடுத்த வளைவைத் தாண்டுவதற்குள் ஒரு கருத்து உருவாகிவிடும்.

அக்காவைப் பற்றியும் அப்படி ஒரு கருத்து உருவானது. உருவாக்கியவர்களில் நான் முதல் ஆள்.

அவர் என்னைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். மலையில் எல்லோரும் அக்கா என்றதால் பிறரிடம் பேசும்போது நானும் அக்கா என்பேன். நேரில் "ஏம்மா" என்பேன். ஒல்லியான, குட்டையான உருவம். நரைத்த முடியை ரப்பர் வளையத்தில் இறுக்கிக் கட்டியிருப்பார். பழைய தொழிற்சாலைச் சட்டை. காலில் ரப்பர் பால் வெட்டுகிறவர்கள் போடும் கறுப்பு ரப்பர் சப்பாத்து, குதிகாலில் மட்டும் மஞ்சள் பட்டை. மற்றவர்கள் விலை உயர்ந்த மலையேறும் காலணிகளோடு வருவார்கள். அவர் அந்தச் சப்பாத்தோடு, முதுகில் ஐந்து லிட்டர் தண்ணீர்க் கலனைக் கட்டிக்கொண்டு வருவார்.

தண்ணீர் தேநீர்க் கொட்டகைக்கு. தண்ணீர்மலைப் பூங்காவின் பின்னால் தொடங்கும் பாதையில் ஒரு மணி நேரம் ஏறினால் அந்தக் கொட்டகை வரும். நடப்பவர்களே தகரமும் பலகையும் சுமந்து கட்டியது. தண்ணீர், சீனி, தேயிலை, பிஸ்கட் எல்லாமே ஆளுக்குக் கொஞ்சமாக முதுகில் ஏறித்தான் மேலே போகும். அங்கே தேநீர் ஆற்றுவது பாய். நாசி கண்டார் சோற்றுக் கடையை மகன்களிடம் விட்டுவிட்டு ஓய்வெடுக்க வந்தவர். ஓய்வு பிடிக்காமல் மலையில் இலவசமாகக் கடை நடத்தினார்.

கொட்டகைக்குச் சற்றுக் கீழே பாதையின் குறுக்கே ஒரு பாறை கிடக்கும். நாங்கள் அதை வழுக்குப் பாறை என்போம். இருபது அடிதான் அகலம். மழை இல்லாத நாளிலும் அதன்மேல் மெல்லிய நீர் வழிந்துகொண்டே இருக்கும். பாசி படிந்த சரிவு. வலப்பக்கம் இரண்டு ஆள் உயரத்துக்குப் பள்ளம், அடியில் கற்கள். கால் வைக்கக்கூடிய இடங்கள் பத்தோ பன்னிரண்டோதான். அதைத் தவிர்க்க நினைப்பவர்கள் ஜீப் ரோட்டில் சுற்றிக்கொண்டு வரலாம். கூடுதலாக ஒன்றரை மணி நேரம் ஆகும்.

அந்தப் பாறையில் ஏறிவிட்டால் அக்காவுக்கு உலகம் இல்லை. மார்னிங் சொன்னாலும், பாய் மேலிருந்து கிண்டல் செய்தாலும் திரும்ப மாட்டார். ஒருமுறை ஒரு குரங்கு அவர் தோளில் தொங்கிய துணிப்பையைப் பிடித்து இழுத்தது. அவர் தோளைச் சாய்த்துப் பையை விட்டுக்கொடுத்துவிட்டு அடுத்த காலை எடுத்து வைத்தார். குரங்கைப் பார்க்கக்கூட இல்லை. பாறையைக் கடந்து மண்ணில் இரண்டு காலும் ஊன்றிய பிறகுதான் அலறினார்:

"ஐயோ, என் வீட்டுச் சாவி!"

கொட்டகைக்கு வந்ததும் அவர் ஒரு வேலை செய்வார். கலனை இறக்கி, முகத்தைத் துடைத்து, அரைக் கோப்பை தேநீர் குடித்த பிறகு, வழியில் வாங்கிய வணக்கங்களையெல்லாம் வரிசையாகத் திருப்பிக் கொடுப்பார்.

"பாய், பாறைகிட்ட வந்தப்ப மேல நின்னு மார்னிங் சொன்னீங்க. மார்னிங். ஆ பெக், நீங்க என்னைத் தாண்டிப் போனப்ப சொன்னீங்க. மார்னிங். டாக்டர், நீங்க ரெண்டு தடவை சொன்னீங்க. மார்னிங், மார்னிங்."

எல்லோரும் சிரிப்பார்கள். ஆ பெக் என்று நாங்கள் அழைத்த சீனப் பெரியவர் ஒவ்வொரு நாளும் புதிதாகக் கேட்பதுபோல் கைதட்டுவார். டாக்டர் என்று அவர் சொன்னது என்னை. எனக்கு மட்டும் அதில் ஏதோ நெருடல். இரண்டு தடவை சொன்னதை அவர் கணக்கு வைத்திருந்தது, நான் கெஞ்சியதைக் கணக்கு வைத்ததுபோல் இருந்தது.

"காதுல விழுதுல்ல? அப்பவே ஒரு வார்த்தை சொன்னா என்னம்மா?" என்று கேட்டேன்.

"காது வாங்கி வச்சுக்கும் டாக்டர். பிரிச்சுப் பாக்கிறது அப்புறம்தான்."

"அந்தப் பாறையில அப்படி என்னதான் நினைப்பீங்க?"

"ஒண்ணும் நினைக்க மாட்டேன். கால் வைக்கிற இடம் மட்டும் பெருசாத் தெரியும். மைக்ராஸ்கோப்ல பாக்கிற மாதிரி. பாசி எங்க காஞ்சிருக்கு, எங்க வழவழன்னு இருக்கு, ஒரு எறும்பு போனாக்கூடத் தெரியும். அது மட்டும்தான் இருக்கும். நான்கூட இருக்க மாட்டேன்."

"பயமா இருக்காது?"

"பயத்தைக் கீழயே நிக்க வச்சிட்டு வந்துருவேன் லா. அதுவும் கூட வந்தா அதுக்கும் சேர்த்துல்ல கால் வைக்க இடம் தேடணும்?"

மைக்ராஸ்கோப் என்று அவர் சொன்னது சும்மா இல்லை. சுங்கை பினாங் அடுக்குமாடி வீட்டிலிருந்து புக்கிட் தெங்காவில் இருந்த ஒரு தொழிற்சாலைக்கு இருபத்திரண்டு வருடம் பஸ்ஸில் போய் வந்தவர். மின்னணுத் தகடுகளில் முடியைவிட மெல்லிய கம்பிகள் சரியாக ஒட்டியிருக்கின்றனவா என்று மைக்ராஸ்கோப்பில் பார்ப்பது வேலை. சூப்பர்வைசர் பின்னால் நின்று கத்தினாலும், கையில் இருக்கும் தகட்டை முடிக்காமல் தலையைத் தூக்க மாட்டாராம். தொழிற்சாலை இடம் மாறியபோது வேலை போயிற்று. "கண்ணு சும்மா இருக்க மாட்டேங்குது, அதான் மலைக்கு வந்தேன்" என்பார்.

ஆனால் சமதரையில் அவரைப் பார்த்தால் இதையெல்லாம் நம்ப முடியாது. டத்தோ கிராமாட் பாசாரில் ஒருநாள் அவரைச் சந்தித்தேன். முக்கால் மணி நேரம் பேசினார். ஒரு பேச்சை முடிக்காமல் இன்னொன்றைத் தொடங்கினார். நடுவில் கத்தரிக்காய்க்காரியிடம் சண்டை போட்டார், சமாதானமானார், அவள் பேத்தியின் இருமலுக்கு மருந்து சொன்னார். மீன்காரர் ஓடி வந்து, "அக்கா, மீனைக் கடையிலயே விட்டுட்டீங்க" என்று பையைக் கொடுத்தார். "நேத்து குடையை விட்டேன், இன்னிக்கு மீனு. நாளைக்கு என்னையே விட்டுட்டுப் போயிருவேன், பத்திரமா வைங்க தம்பி" என்றார். பேச்சில் பாதி மகளைப் பற்றியது. மகள் சிங்கப்பூரில் தாதி. மகளின் பெயரை ஒரு நாளைக்கு நூறு முறை சொல்வார். சொல்லும்போதே முகம் மலரும். அந்தப் பெயரை நான் இங்கே எழுதவில்லை. ஒருமுறை அதைத் தவறாகப் பயன்படுத்தியது போதும்.

பாய் ஒருநாள் பாறையின் நடுவில் மாட்டிக்கொண்டார். திடீர் மழை. முன்னும் போக முடியாமல் பின்னும் வர முடியாமல் நின்றார். நாங்கள் ஆளுக்கு ஒரு யோசனை கத்தினோம். அக்கா ஒன்றும் கத்தாமல் பாறையில் இறங்கி அவருக்கு முன்னால் போய், முதுகைக் காட்டி நின்றார்.

"பாய், கண்ணை மூடாதீங்க. பள்ளத்தையும் பாக்காதீங்க. என் சப்பாத்தைப் பாருங்க."

"பாத்தாச்சு."

"பின்னாடி என்ன நிறம்?"

"மஞ்சள்."

"அந்த மஞ்சள் எங்க போகுதோ அங்க உங்க காலு. வேற ஒண்ணுமே இல்ல இப்ப. பாயும் இல்ல, மழையும் இல்ல."

பாய் கடந்தார். கடந்ததும், "ஏழு பிள்ளை பெத்த என் பெண்டாட்டியைக்கூட நான் இப்படிப் பாத்ததில்ல, அந்தச் சப்பாத்தைப் பாத்த மாதிரி" என்றார். அன்று கொட்டகையில் சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று. நானும் சிரித்தேன். ஆனால் அன்று மேலே நின்று அதிகம் கத்தியவன் நான். பாறையில் இறங்காதவனும் நான்.

அக்காவின் நிலை எனக்குப் புரியாதது அல்ல. டத்தோ கிராமாட் சாலையில் முப்பத்தைந்து வருடம் பல் வைத்தியம் பார்த்தவன் நான். பல்லின் வேருக்குள் நூல் போன்ற ஊசியை இறக்கும்போது எனக்கும் அதுதான் நடக்கும். முதுகுவலி தெரியாது, நேரம் தெரியாது, நாற்காலியில் கிடப்பவர் யார் என்பதே மறந்துபோகும். அந்தக் குறுகலான வேருக்குள் மட்டும்தான் நான் இருப்பேன். ஊசியை வெளியே எடுக்கும்வரை கதவைத் திறக்கக் கூடாது என்று உதவிக்கு இருந்த பெண்ணிடம் கட்டளை போட்டிருந்தேன். ஒருமுறை மறந்து திறந்துவிட்டாள். நோயாளியின் முன்னாலேயே அவளை அழ வைத்தேன். எனக்கு இருந்த அந்த உரிமை, தொழிற்சாலைச் சட்டை போட்ட ஒரு பெண்ணுக்கும் உண்டு என்பது மட்டும் எனக்குத் தோன்றவில்லை. என் விஷயத்தில் அது திறமை. அவர் விஷயத்தில் அது திமிர்.

இதைப் பாய் எப்படியோ மோப்பம் பிடித்துவிட்டார். அவருக்கு நாக்கு நீளம்.

"ஊரே டாக்டருக்கு வாயைத் திறந்து காட்டுது. இந்த அக்கா மட்டும் திறக்க மாட்டேங்குது பாருங்க!"

கொட்டகை அதிர்ந்தது. அந்த நகைச்சுவை மாதக்கணக்கில் ஓடியது. நான் தூரத்தில் வரும்போதே யாராவது, "டாக்டர், இன்னிக்காச்சும் திறந்துச்சா?" என்பார்கள். நானும் சிரித்து வைப்பேன். வீட்டுக்குப் போய்க் குளிக்கும்போது அந்தச் சிரிப்பு எரியும். எனக்கு அப்போது வயது அறுபத்தொன்பது. அந்த வயதில் ஒருவனுக்கு இது ஒரு பொருட்டாக இருந்தது என்று எழுத வெட்கமாக இருக்கிறது. இருந்தது.

அது ஒரு புதன்கிழமை. முந்தின நாள் நல்ல மழை. வழக்கத்தைவிட முன்னதாக ஏறிவிட்டேன். பாறையைக் கடந்து மேல் வளைவில் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றேன். கொட்டகையில் இன்னும் யாரும் வந்திருக்கவில்லை. கீழே மூங்கில் புதருக்கு அப்பால் அக்கா வருவது தெரிந்தது. முதுகில் தண்ணீர்க் கலன். பாறை விளிம்பில் நின்று ஒரு மூச்சு இழுத்தார், கால் வைத்தார்.

"மார்னிங்!" என்றேன்.

அவர் மூன்றாவது இடத்துக்கு வந்திருந்தார். பதில் இல்லை.

"மார்னிங், ஏம்மா!"

ஐந்தாவது. ஆறாவது. தலை நிமிரவில்லை.

எனக்கு அந்த நொடியில் கோபம்கூட இல்லை. விளையாட்டுப் புத்தி என்றுதான் சொல்ல வேண்டும். எந்தச் சொல் அவர் காதைத் திறக்கும் என்று எனக்குத் தெரிந்திருந்தது. முப்பத்தைந்து வருடம், எங்கே தட்டினால் வலிக்கும் என்று பார்ப்பதுதானே என் தொழில்? மகளின் பெயரைச் சொன்னேன். சாதாரணமாகச் சொல்லவில்லை. கெட்ட செய்தி கொண்டு வருகிறவன் சொல்வதுபோல், பதறிய குரலில், உரக்கச் சொன்னேன்.

ஏழாவது இடத்தில் அவர் நிமிர்ந்தார். நான் அங்கே போய் வந்த அத்தனை காலத்தில் பாறையின்மேல் அவர் முகத்தை நேராகப் பார்த்தது அந்த ஒரே தடவைதான். என்னைத் தேடவில்லை. எங்கோ பார்த்தார். மஞ்சள் பின்பக்கம் வழுக்கியது. கலனின் பாரம் அவரை வலப்பக்கம் இழுத்துக்கொண்டு போனது.

பள்ளத்தில் இறங்க எனக்கு எவ்வளவு நேரம் ஆனது என்று தெரியாது. வலது கால் கணுக்காலுக்கு மேல் திரும்பியிருந்தது. கலன் உடைந்து அவரைச் சுற்றித் தண்ணீர் ஓடியது. அவர் கத்தவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு மூச்சு விட்டார். என் கைத்தடியை இரண்டாக உடைத்து, துண்டைக் கிழித்துக் காலைக் கட்டினேன். நன்றாகவே கட்டினேன். பாயும் மற்றவர்களும் வந்து, கொட்டகைத் தார்ப்பாயில் அவரைக் கிடத்தி இரண்டு மணி நேரத்தில் கீழே கொண்டுவந்தார்கள். ஆம்புலன்ஸ் கதவு மூடியதும் பாய் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

"அல்லா உங்களை அங்க நிக்க வச்சான் டாக்டர். நீங்க இல்லாட்டி என்ன ஆயிருக்கும்?"

அந்த நிமிடம் உண்மையைச் சொல்லியிருக்கலாம். எல்லோரும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்படி யாரும் என்னைப் பார்த்து வெகுகாலமாயிற்று.

அடுத்த வாரம் கொட்டகையில் பேச்சு வேறு பக்கம் போனது. "சாமி வந்த மாதிரி நடந்தா விழாம என்ன செய்யும்?" என்றார் ஒருவர். "சுத்துமுத்தும் பாக்கணும் லா" என்றார் இன்னொருவர். என்னிடம் அபிப்பிராயம் கேட்டார்கள். ஓய்வுபெற்ற பிறகு மனம், கவனம் பற்றியெல்லாம் நாலைந்து புத்தகம் படித்திருந்தேன். கவனம் அளவுக்கு மீறி ஒரே புள்ளியில் குவிந்தால் உடம்பு எச்சரிக்கைகளைத் தவறவிடும் என்று விளக்கினேன். எல்லோரும் தலையாட்டினார்கள். அக்கா விழுந்தது அவர் கவனம் கலைந்ததால். கலைத்தது நான். அந்தக் கவனமே குற்றவாளி என்று தீர்ப்புச் சொன்னதும் நான்.

மூன்றாவது வாரம் ஒரு டஜன் ஆரஞ்சோடு சுங்கை பினாங்குக்குப் போனேன். ஒன்பதாவது மாடி. லிப்ட் வேலை செய்தது. அக்கா மாவுக்கட்டுப் போட்ட காலை ஸ்டூலில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். மகள் லீவு முடிந்து அன்று காலைதான் திரும்பிப் போயிருந்தாள். தேநீர் போட முடியவில்லை என்று மூன்று முறை வருத்தப்பட்டார். பிறகு ஓர் ஆரஞ்சை எடுத்துக் கையில் உருட்டினார்.

"டாக்டர், ஒண்ணு கேக்கணும். நீங்க மேலதான நின்னீங்க அன்னிக்கு?"

"ஆமா."

"என் மகள் பேரை யாரோ கூப்பிட்ட மாதிரி இருந்துச்சு. உங்க காதுல விழுந்துச்சா?"

உண்மையைச் சொல்வதற்கான கதவு அங்கேதான் இருந்தது. திறந்துதான் இருந்தது.

"இல்லையே" என்றேன்.

"யாரும் கூப்பிடல?"

"நான் மட்டும்தாம்மா இருந்தேன். மார்னிங் சொன்னேன். வேற ஒண்ணும் இல்ல."

அவர் ஜன்னல் வழியாக வெளியே பார்த்தார். "அப்போ உள்ள இருந்துதான் வந்திருக்கு" என்றார். எனக்குச் சொன்னதாகத் தெரியவில்லை. "இருபத்திரண்டு வருசம் தகட்டைப் பாக்கும்போது ஒரு சத்தம் வந்ததில்ல. அவ காய்ச்சலாக் கிடந்த அன்னிக்குக்கூட வரல. இப்ப வருதுன்னா, என் தலைக்குள்ள என்னமோ உடைஞ்சிருக்கு."

அப்போது போன் அடித்தது. மகள். சிங்கப்பூர் போய்ச் சேர்ந்துவிட்டாள். "சாப்பிட்டியா பாப்பா?" என்றார் அக்கா. நான் இருந்த அரை மணி நேரத்தில் மகளைப் பெயர் சொல்லி ஒருமுறைகூட அழைக்கவில்லை. நான் அதைக் கவனித்தேன். காரணம் என்ன என்று யோசிக்காமல் இருக்கக் கற்றுக்கொண்டேன்.

மாவுக்கட்டுப் பிரித்து, தடியோடு நடந்து, தடியை விட்டு நடந்து, எட்டாவது மாதம் அவர் மலைக்கு வந்தார். முதுகில் கலன் இல்லை. பாறை விளிம்புவரை வந்தார். நின்றார். திரும்பிப் போய் ஜீப் ரோட்டில் சுற்றிக்கொண்டு வந்தார். கொட்டகைக்கு அவர் வந்தபோது தேநீர் ஆறிப்போயிருந்தது. மறுநாளும் அப்படியே. அதற்கு அடுத்த நாளும்.

"கால்தான் சரியாயிருச்சே அக்கா?" என்றார் பாய்.

"காலு சரிதான் பாய். பாறைகிட்ட போனா காது திறந்துக்குது. இப்ப யாரு கூப்பிடுவா, இப்ப யாரு கூப்பிடுவான்னே இருக்கு. இலை விழுந்தாத் திரும்புறேன்."

இப்போது அவர் வழியில் எல்லோருக்கும் உடனுக்குடன் மார்னிங் சொன்னார். எனக்கும் சொன்னார். நான் கேட்டது கிடைத்துவிட்டது. அந்தக் குரலில் ஒரு அவசரம் இருந்தது. இருட்டில் போகிறவர் தைரியத்துக்காகப் பேசுவதுபோல். ஆ பெக் கைதட்டுவதற்கு இப்போது ஒன்றும் இல்லை.

மூன்று மாதம் இப்படிப் போயிற்று. ஒரு வார்த்தையில் நான் சரிசெய்யக்கூடியதை மூன்று மாதம் நாள்தோறும் பார்த்துக்கொண்டு தேநீர் குடித்தேன். இதை எனக்குச் சாதகமாகச் சொல்ல எந்த வழியும் இல்லை.

பிறகு ஒருநாள் அவர், மகளோடு இருக்கச் சிங்கப்பூர் போவதாகச் சொன்னார். வீட்டைக் காலி செய்கிறார். சனிக்கிழமை பஸ்.

"போறதுக்கு முன்னாடி ஒரு தடவை அந்தப் பாறையைக் கடந்துட்டுப் போகணும்னு நினைச்சேன்" என்றார். "நடக்காது போல. போகட்டும் லா. தலை சரியில்லாதவ மலையில என்ன செய்யப் போறேன்?"

வெள்ளிக்கிழமை காலை பாறையின் கீழ்ப்பக்கம் அவருக்காகக் காத்திருந்தேன். அவர் வந்தார். விளிம்பில் நின்றார். நான் என்ன சொல்ல வேண்டும் என்று இரண்டு நாள் தயார்செய்திருந்தேன். வாழ்க்கையில் நல்ல வாக்கியங்களுக்கு எனக்குக் குறைவில்லை. அவை எதுவும் வரவில்லை.

"ஏம்மா. அன்னிக்குக் கூப்பிட்டது நான்தான்."

அவர் திரும்பினார்.

"உங்க மகள் பேரைச் சொல்லிக் கத்தினது நான்தான். வேணும்னேதான் கத்தினேன். உங்களைத் திரும்பிப் பாக்க வைக்கணும்னு. நீங்க கேட்டப்ப இல்லைன்னு சொன்னேன். பொய்."

அவர் என் முகத்தை, கால் வைக்க இடம் பார்ப்பதுபோல், கொஞ்சம் கொஞ்சமாகப் பார்த்தார். அடிப்பார் என்று நினைத்தேன். அடித்தால் நல்லது என்றும் நினைத்தேன்.

"வெளியில இருந்துதான் வந்துச்சா?" என்றார்.

"ஆமா."

"நிச்சயமா?"

"நிச்சயமா. அந்த வளைவுல நின்னேன். அங்க இருந்துதான்."

அவர் அப்படியே ஒரு கல்லில் உட்கார்ந்தார். முகத்தை இரண்டு கையாலும் மூடினார். தோள் குலுங்கியது. அழுகிறார் என்றுதான் நினைத்தேன். கையை எடுத்தபோது பாதி சிரிப்பு, பாதி கண்ணீர்.

"அப்போ எனக்கு ஒண்ணும் ஆகல."

"ஒண்ணும் ஆகலம்மா."

"பதினோரு மாசம் டாக்டர்." சட்டைக் கையால் முகத்தைத் துடைத்தார். "பதினோரு மாசமா என் பிள்ளையை நான் பேரு சொல்லிக் கூப்பிடல. அந்தப் பேரு வாயில வந்தாலே காலு வழுக்குது. அவ கேக்கிறா, ஏம்மா என்னைப் பாப்பா பாப்பாங்கிறேன்னு. என்ன சொல்லுவேன்?"

நான் கையைக் கூப்பினேனா, இல்லையா என்று நினைவில்லை. மன்னிப்பு என்ற சொல்லை ஆரம்பித்தேன். அவர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"படிச்சவங்கதான நீங்க" என்றார். அவ்வளவுதான். அதைக் கோபமாகக்கூடச் சொல்லவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பியதுபோல் கேட்டார்.

எழுந்தார். சப்பாத்தின் அடியைக் கல்லில் தேய்த்துக்கொண்டார். பாறை விளிம்பில் போய் நின்று ஒரு மூச்சு இழுத்தார். மகளின் பெயரை ஒருமுறை தனக்குள் சொல்லிக்கொண்டார். உதடு அசைந்ததைப் பார்த்தேன். பிறகு கால் வைத்தார்.

கீழ்ப்பாதையில் நான்கைந்து பேர் பேசிக்கொண்டே ஏறி வந்தார்கள். முதலில் வந்தவர் பாறையில் அக்காவைக் கண்டதும் உற்சாகமாகக் கையைத் தூக்கி வாயைத் திறந்தார். நான் ஓடிப்போய் இரண்டு கையையும் விரித்து வழியை மறித்தேன். என்ன நினைத்தாரோ, வாயை மூடிக்கொண்டார். நாங்கள் எல்லோரும் அப்படியே நின்றோம். மஞ்சள் பின்பக்கம் ஒவ்வோர் இடமாகப் போயிற்று. ஐந்து. ஆறு. ஏழாவது இடத்தில் ஒரு நொடி நின்றது. அதுதான் அந்த இடம். பிறகு எட்டு.

அக்கரையில் மண்ணில் இரண்டு காலையும் ஊன்றியதும் அவர் திரும்பினார். வந்தவர்களுக்கு வழிவிட்டேன், அவர்கள் ஒவ்வொருவராகக் கடந்து போனார்கள். கடைசியில் நான் மட்டும் இந்தப் பக்கம் நின்றேன். அத்தனை வருடம் கடந்த பாறைதான். அன்று ஜீப் ரோடு வழியாகப் போய்விடலாமா என்று தோன்றியது.

"வாங்க டாக்டர்" என்றார் அக்கா அக்கரையிலிருந்து. "நான் கூப்பிட மாட்டேன்."

கால் வைத்தேன். அவர் கூப்பிடவில்லை. ஒரு வார்த்தை பேசவில்லை. பாசி எங்கே காய்ந்திருக்கிறது, எங்கே வழவழப்பாக இருக்கிறது என்று பார்த்தேன். ஆறாவது இடத்தில் ஓர் எறும்பு போவதைக் கண்டேன். அது போகும்வரை காத்திருந்து அடுத்த காலை வைத்தேன்.

மண்ணுக்கு வந்து நிமிர்ந்தபோது அவர் எதிரில் நின்றுகொண்டிருந்தார்.

"கீழ நின்னப்ப மார்னிங் சொல்ல மறந்துட்டேன்" என்றார். "மார்னிங், டாக்டர்."

என் பதிலுக்கு அவர் காத்திருக்கவில்லை. கொட்டகையை நோக்கி ஏற ஆரம்பித்தார்.